ராபர்ட் க்ளேரி: வாசகர் கேள்வி – பதில்

நாஜி வதைமுகாமில் இருந்து மீண்ட யூத நடிகர் ஒருவர், பின்னாளில் நாஜிச் சிறைமுகாமைக் கிண்டலடிக்கும் அமெரிக்க நகைச்சுவைத் தொடரில் நடித்தாராமே? யார் அவர்? அவருக்கு எப்படி மனசு வந்தது?
— ஒரு வாசகி, கும்பகோணம்

உண்மைதான். அவர் பெயர் ராபர்ட் க்ளேரி. தொடர் ‘ஹோகன்ஸ் ஹீரோஸ்’. 1965 முதல் 1971 வரை அமெரிக்காவின் சிபிஎஸ் தொலைக்காட்சியில் 168 அத்தியாயங்கள் ஓடியது. ஜெர்மானியர்களிடம் பிடிபட்ட நேச நாட்டு வீரர்கள், முகாமுக்குள் இருந்தபடியே சுரங்கம் தோண்டி உளவு வேலை பார்ப்பார்கள். காவலர்கள் எல்லாரும் அசடுகள். இதில் பிரெஞ்சு வீரர் லெபோவாக வருபவர்தான் க்ளேரி. உயரம் ஐந்தடிக்கு ஓர் அங்குலம் கூடுதல், அவ்வளவுதான். சமையலில் மன்னன், தின்பண்டத்தைக் காட்டியே காவலாளி ஷுல்ட்ஸின் வாயை அடைத்துவிடுவார்.

உங்கள் இரண்டாவது கேள்விக்குப் பதில் சொல்ல, கொஞ்சம் பின்னால் போக வேண்டும். பாரிஸில் 1926-இல், போலந்திலிருந்து குடியேறிய யூதக் குடும்பத்தில், 14 பிள்ளைகளில் கடைக்குட்டியாகப் பிறந்தவர். இயற்பெயர் ராபர்ட் மேக்ஸ் வைடர்மேன். 12 வயதிலேயே வானொலியில் பாடிச் சம்பாதிக்கத் தொடங்கிவிட்டார். பாரிஸ் நாஜிகளின் பிடியில் இருந்த 1942 செப்டம்பரில் குடும்பத்தோடு பிடித்து ரயிலேற்றினார்கள். அப்போது அவருக்கு 16 வயது. பிரியும்போது அம்மா சொன்னது, ஒழுங்காக நடந்துகொள், அவர்கள் சொல்வதைச் செய் என்பதுதான் என்று முதுமையில் ஒரு பேட்டியில் நினைவுகூர்ந்தார். சேட்டைக்காரப் பிள்ளை என்று அம்மாவுக்குத் தெரியும் அல்லவா! அப்பாவும் அம்மாவும் ஆஷ்விட்ஸ் என்ற நாஜி வதைமுகாமின் நச்சுவாயு அறையில் கொல்லப்பட்டார்கள். பையனை வேலைக்கு ஆகும் என்று ஓட்முத் முகாமுக்கு ஒதுக்கினார்கள். மரக் குதிகால் செய்யும் காலணித் தொழிற்சாலை வேலை. இடது முன்கையில் பச்சை குத்தப்பட்ட எண் ஏ5714.

கடைசியாகப் போய்ச் சேர்ந்தது ஜெர்மனியில் இருந்த புக்கன்வால்ட் வதைமுகாம். அங்கே இரண்டு வாரத்துக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஒருவர் அக்கார்டியன் வாசிக்க இவர் பாடினார். கேட்க உட்கார்ந்தவர்கள், முகாம்களை நடத்திய நாஜிகளின் எஸ்எஸ் படையினர். பாடினதும், ஆட்களைச் சிரிக்க வைத்ததும், அந்த வயதுக்கு உடம்பு தாங்கினதும்தான் தன்னைக் காப்பாற்றின என்று க்ளேரியே சொல்லியிருக்கிறார். 1945 ஏப்ரல் 11 அன்று அமெரிக்கப் படை வந்து முகாமை விடுவித்தது. குடும்பத்தில் பிடித்துச் செல்லப்பட்டவர்களில் திரும்பியவர் இவர் ஒருவர்தான். மற்ற 12 பேர் ஆஷ்விட்ஸோடு சரி. பாரிஸுக்கு வந்த பிறகுதான், பிடிபடாத உடன்பிறப்புகள் மூன்று பேர் உயிரோடு இருப்பது தெரிந்தது.

இப்போது சொல்லுங்கள், மனசு வந்ததா என்று அவரிடம் கேட்பது பொருத்தமா? கொலைகாரர்கள் முன்னாலேயே பாடிப் பிழைத்தவருக்கு, ஸ்டுடியோவில் வேடம் கட்டிய நாஜிகளைச் சிரிப்பாக்குவதில் என்ன தயக்கம் இருந்திருக்கப் போகிறது? பாட்டும் நடிப்பும் அவருக்குப் பன்னிரண்டு வயதிலிருந்து தொழில். 1949-இல் அமெரிக்கா போய், 1952-இல் நியூயார்க்கின் நாடக வட்டாரமான பிராட்வேயில் ‘நியூ ஃபேஸஸ்’ இசை நிகழ்ச்சியில் பெயர் வாங்கினார். லெபோ வேடம் அதற்குப் பதின்மூன்று வருடம் கழித்து வந்த இன்னொரு வேலை.

வதைமுகாமை வேடிக்கையாக்கியது தவறில்லையா சார்?
— ஒரு வாசகர், திருநெல்வேலி

தொடரில் வருவது வதைமுகாம் அல்ல, போர்க்கைதிகள் முகாம். இந்த வேறுபாட்டைச் சொல்லிச் சொல்லியே க்ளேரிக்கு வாய் வலித்திருக்கும். போர்க்கைதிக்குச் சர்வதேச ஒப்பந்தப் பாதுகாப்பு உண்டு, செஞ்சிலுவைச் சங்கப் பொட்டலம் உண்டு. அதுவும் சுகமான இடம் இல்லைதான். ஆனால் நச்சுவாயு அறையும் பிணம் எரிக்கும் உலையும் வைத்து ஓர் இனத்தையே அழிக்கக் கிளம்பிய இடத்தோடு அதைச் சேர்த்துப் பேசக்கூடாது என்பது அவர் கட்சி. அதில் எனக்கும் உடன்பாடே.

ஆனால் தொடர் எனக்குப் பெரிதாகப் பிடிக்கவில்லை. யூடியூபில் துண்டு துண்டாகப் பார்த்தேன். நாலு அத்தியாயம் பார்த்தால் ஐந்தாவதை நாமே எழுதிவிடலாம். இப்படி ஒரு கோமாளிக் கூட்டம் ஐரோப்பாவையே எப்படி நடுங்க வைத்தது என்ற கேள்விக்கு அங்கே இடமே கிடையாது. தொடரின் மேல் எனக்குள்ள இந்தக் குறையை, அதில் நடித்துச் சம்பளம் வாங்கியவர் தலையில் கட்ட மாட்டேன்.

அதில் ஜெர்மானியர்களாக நடித்தவர்கள் யார்?
— ஒரு வாசகர், ஈரோடு

இதுதான் எனக்குப் பிடித்த சமாச்சாரம். முகாம் தலைவர் கர்னல் க்ளிங்காக நடித்த வெர்னர் க்ளெம்பெரர், புகழ்பெற்ற இசை நடத்துநர் ஓட்டோ க்ளெம்பெரரின் மகன். ஹிட்லர் பதவிக்கு வந்த 1933-இல் ஜெர்மனியை விட்டு வெளியேறிய யூதக் குடும்பம். க்ளிங்க் ஒரு தடவைகூட ஜெயிக்கக்கூடாது என்று நிபந்தனை போட்டுத்தான் வேடத்தை ஏற்றார். அந்தத் தோல்விகளுக்கு அமெரிக்கத் தொலைக்காட்சிக்கான எம்மி விருது இரண்டு தடவை கிடைத்தது! ஷுல்ட்ஸாக வந்த ஜான் பேனர் ஆஸ்திரிய யூதர். 1938-இல் ஹிட்லர் ஆஸ்திரியாவை விழுங்கியபோது சுவிட்சர்லாந்தில் நாடகக் குழுவோடு இருந்ததால் தப்பித்தார். ஜெனரலாக வந்த லியோன் ஆஸ்கின் வியன்னாக்காரர். அவருடைய பெற்றோர் ட்ரெப்ளிங்கா என்ற நாஜிக் கொலைமுகாமில் கொல்லப்பட்டார்கள்.

ஜெர்மனியில் இதைக் காட்டினார்களா?
— ஒரு வாசகர், சேலம்

1990களில். முதலில் செய்த மொழிமாற்றம் எடுபடவில்லை. பிறகு வசனத்தை மாற்றி, அசலில் இல்லாத காலிங்க்கே என்ற வேலைக்காரம்மாவைப் பேச்சில் மட்டும் சேர்த்து, புதுத் தலைப்போடு விட்டார்கள். ஓடியது.

க்ளேரி முகாம் அனுபவத்தை எப்போது வெளியில் சொன்னார்? கல்யாணம் செய்துகொண்டாரா?
— ஒரு வாசகி, மதுரை

சின்னதை முதலில் முடித்துவிடுகிறேன். 1965-இல் நடாலி கேண்டரை மணந்தார். அந்தக் காலத்து நகைச்சுவை நட்சத்திரம் எட்டி கேண்டரின் மகள்.

விடுதலையாகி 30 ஆண்டுகளுக்கும் மேல் அவர் முகாமைப் பற்றிப் பொதுவில் பேசவில்லை. யூதப் படுகொலை நடக்கவே இல்லை என்று சிலர் துணிந்து எழுதத் தொடங்கியதும், சாட்சிகள் ஒவ்வொருவராக மறைவதும் அவரை உறுத்தின. 1980களில், யூதப் படுகொலை மறக்கப்படாமல் இருக்கப் பாடுபடும் சைமன் வீசென்தால் மையத்தோடு சேர்ந்து பள்ளி பள்ளியாகப் போனார். லெபோவைப் பார்த்து வளர்ந்த தலைமுறை உட்கார்ந்து கேட்டது. தொடர் தந்த முகப்பரிச்சயம் அங்கே உதவியது என்றே நினைக்கிறேன். யாரோ ஒரு தாத்தா வந்திருந்தால் பிள்ளைகள் அவ்வளவு அமைதியாக இருந்திருப்பார்களா? 2001-இல் சுயசரிதை வெளிவந்தது. 2022 நவம்பரில், 96 வயதில் காலமானார்.

அவரைப் பார்க்க எங்கே தொடங்கலாம்?
— ஒரு வாசகர், தஞ்சாவூர்

அவருடைய முகாம் எண்ணையே தலைப்பில் வைத்த 1985 ஆவணப்படம் ஒன்று இருக்கிறது, அதிலிருந்து தொடங்குங்கள். அப்புறம் ‘ஹோகன்ஸ் ஹீரோஸ்’ இரண்டு அத்தியாயம் போதும். குரலைக் கேட்க வேண்டுமென்றால், ‘நியூ ஃபேஸஸ்’ மேடை நிகழ்ச்சி 1954-இல் படமாகவும் வந்தது. ‘ஹிண்டன்பர்க்’ (1975) படத்திலும் இருக்கிறார். எரிந்து விழுந்த அந்த ஆகாயக் கப்பலின் ஜன்னலிலிருந்து குதித்துப் பிழைத்த ஜோசப் ஷ்பே என்ற நிஜ வித்தைக்காரர் வேடம். படம் சுமார்தான், க்ளேரி வரும் இடங்கள் மட்டும் கலகலப்பாக இருக்கும்.