டார்ட்டரி நீரிணை என்ற பெயர் எப்படி வந்தது? அங்கே டார்ட்டர்கள் வாழ்ந்தார்களா?

வாழவில்லை. டார்ட்டர்களின் ஊர் வோல்கா ஆற்றுப் பக்கம், அங்கிருந்து பல ஆயிரம் கிலோமீட்டர் மேற்கே. சகாலின் தீவுக்கும் ரஷ்யப் பெருநிலத்துக்கும் இடையே கிடக்கும் இந்தக் கடல் நிவ்க், ஒரோச் மக்களின் கரை. அன்றைய ஐரோப்பிய வரைபடக்காரர்கள் மங்கோலியர், மஞ்சுக்கள் என்று பாராமல் வட ஆசியா முழுவதற்கும் 'டார்ட்டரி' என்று பெயர் போட்டுவிட்டார்கள். அந்தச் சோம்பேறித்தனம் கடல்மேலும் ஒட்டிக்கொண்டது. சகாலின் கதையும் இதே லட்சணம்தான். மஞ்சு மொழியில் அது அமூர் ஆற்றின் பெயர். வரைபடத்தில் தீவுக்குப் போய்விட்டது.

இது நீரிணைதானா என்பதிலேயே ஐரோப்பியர்களுக்கு நெடுநாள் குழப்பம். 1787-இல் பிரெஞ்சு மாலுமி லா பெரூஸ் சகாலினில் இறங்கியபோது, உள்ளூர் முதியவர் ஒருவர் ஈட்டி முனையால் மணலில் கோடிழுத்து, இந்தப் பக்கம் தீவு, அந்தப் பக்கம் பெருநிலம், நடுவே கடல் என்று காட்டியிருக்கிறார். லா பெரூஸும் வடக்கே போனார். போகப் போக ஆழம் குறைந்துகொண்டே வந்ததால் தெற்கே திரும்பிவிட்டார். 1797-இல் பிரிட்டிஷ் மாலுமி பிராட்டன், 1805-இல் ரஷ்ய மாலுமி க்ரூசென்ஷ்டெர்ன் இருவரும் சகாலினைத் தீபகற்பம் என்றே முடிவு கட்டினார்கள்.

1809-இல் ஜப்பானியரான மாமியா ரின்சோ உள்ளூர்க்காரர்களோடு படகில் இந்த நீரிணையைக் கடந்து அமூர் ஆறுவரை போனார். ஜப்பானில் இன்றும் இது மாமியா நீரிணைதான். என்னைக் கேட்டால் அதுதான் நியாயமான பெயர். ரஷ்யர்கள் விடுவார்களா? 1849-இல் கப்பலோடு வந்து வழி இருப்பதை உறுதி செய்த ரஷ்யக் கடற்படை அதிகாரி நெவெல்ஸ்கோயின் பெயரை, சுமார் 7.3 கிலோமீட்டர் மட்டுமே அகலமுள்ள மிகக் குறுகிய பகுதிக்கு வைத்துக்கொண்டார்கள்.

வடக்கே கப்பல் போக வழி இருக்கும் விஷயத்தை ரஷ்யா வெளியே விடவில்லை. 1855-இல், ரஷ்யாவும் பிரிட்டனும் மோதிக்கொண்ட கிரிமியப் போரின்போது, இந்த நீரிணைக் கரையின் டி-கஸ்திரி விரிகுடாவில் நின்ற ரஷ்யக் கப்பல்களைப் பிரிட்டிஷ் கப்பல்கள் கண்டுவிட்டன. வடக்கே முட்டுச்சந்து, எங்கே தப்பப் போகிறார்கள் என்று நினைத்துக் கூடுதல் கப்பல்களுக்கு ஆளனுப்பினார்கள். அதற்குள் ரஷ்யர்கள் வடக்கு வழியாக நழுவி அமூர் முகத்துவாரத்துக்குப் போய்ச் சேர்ந்துவிட்டார்கள்.