வழக்கை வாபஸ் பெற்றால் பில் தொகை வருமா?

கேள்வி: அரசுத் துறை ஒன்றின் மழைநீர் வடிகால் பணியை டெண்டரில் எடுத்துச் செய்துவந்தேன். முக்கால் பங்கு வேலை முடிந்த நிலையில், தாமதத்தைக் காரணம் காட்டி ஒப்பந்தத்தை ரத்து செய்து, டெபாசிட்டையும் பறிமுதல் செய்ய உத்தரவிட்டார்கள். உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்து இடைக்காலத் தடை வாங்கியிருக்கிறேன். இப்போது, 'கேஸை வாபஸ் வாங்குங்கள், நிலுவை பில்லைப் பாஸ் செய்துவிடுகிறோம்' என்கிறார்கள். வாபஸ் பெறலாமா?
- ஒப்பந்ததாரர், அம்பத்தூர், சென்னை.

பதில்: வாய்வார்த்தையை நம்பி வாபஸ் பெறாதீர்கள். மனு போனால் தடையும் அன்றே போய்விடும். ரத்து உத்தரவு மீண்டும் உயிர்பெற்று, டெபாசிட்டை எடுத்துக்கொள்ளவும் மீதி வேலைக்கு மறு டெண்டர் விடவும் துறைக்கு வழி திறந்துவிடும்.

சென்னை உயர் நீதிமன்றத்தில் வாபஸ் என்பது சில நிமிடங்களில் முடிகிற காரியம். உங்கள் வக்கீல் வழக்குக் கட்டில் ஓரிரு வரி எண்டார்ஸ்மெண்ட் (வாபஸ் குறிப்பு) எழுதிக் கையெழுத்திடுவார். நீதிபதி அதைப் பதிவு செய்து, 'வாபஸ் பெறப்பட்டதால் தள்ளுபடி' என்று உத்தரவிடுவார். வக்கீல் எழுதும் அந்தக் குறிப்பில், புதிதாக வழக்குத் தொடர அனுமதி கேட்க வேண்டும்; அது உத்தரவிலும் இடம்பெற வேண்டும். அனுமதி பெறாமல் திரும்பப் பெற்றவர், அதே காரணத்துக்காக மறுபடியும் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட முடியாது என்று 1986-லேயே சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது. சிவில் வழக்கு போன்ற மற்ற வழிகளை அந்தத் தீர்ப்பு அடைக்கவில்லை என்றாலும், அங்கே பொதுவாக 3 ஆண்டு காலவரம்பு ஓடிக்கொண்டிருக்கும். ரிட் மனுவில் கழிந்த காலத்தைக் கழித்துத் தரும்படி காலவரம்புச் சட்டத்தின் 14-ம் பிரிவின்கீழ் கேட்கலாம். ஆனால் நீங்களாக விரும்பி வாபஸ் பெற்ற வழக்குக்கு அது தானாகக் கிடைத்துவிடாது.

துறைக்கு உண்மையிலேயே பணம் தர மனமிருந்தால், எவ்வளவு தொகை, எந்தத் தேதிக்குள் என்பதை அரசு வழக்கறிஞர் மூலம் நீதிமன்றத்தில் உறுதிமொழியாகவே சொல்லட்டும். அது உத்தரவில் பதிவாகிவிட்டால், மீறும்போது நீதிமன்ற அவமதிப்பு மனு போட உங்களுக்கு இடமிருக்கும். ரத்து உத்தரவையும் பறிமுதலையும் துறை கைவிடுகிறதா என்பதும் அதே உத்தரவில் தெளிவாக இருக்கட்டும். 'இனி கோரிக்கை ஏதுமில்லை' என்ற கடிதத்தை முன்கூட்டியே நீட்டினால், முழுத் தொகையும் வங்கிக் கணக்கில் ஏறும்வரை கையெழுத்திட வேண்டாம்.

இவ்வளவும் நடப்பதற்குள் களத்தில் ஒரு வேலை பாக்கியிருக்கிறது. செய்த வேலை முழுவதும் அளவுப் புத்தகத்தில் (வேலையின் அளவுகளைத் துறை பதியும் ஏட்டில்) ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். வடிகாலை மண் மூடிவிட்டால், அடியில் போட்ட கான்கிரீட்டின் கனத்தைப் பிறகு யார் அளப்பது? அடுத்த ஒப்பந்ததாரர் மண்வெட்டி வைப்பதற்கு முன்பே இரு தரப்பும் சேர்ந்து அளக்கும் கூட்டு அளவீடு கோரி, சேர்ந்ததற்கான சான்று கிடைக்கும்படி ஸ்பீடு போஸ்டில் கடிதம் அனுப்புங்கள். தேதி தெரியும் புகைப்படங்களும் எடுத்துவையுங்கள். உத்தரவின் வாசகம் முடிவாகும்வரை எண்டார்ஸ்மெண்ட் எழுத வேண்டாம் என்று உங்கள் வக்கீலுக்கும் எழுத்து மூலமே தெரிவித்துவிடுங்கள்.