போலிப் பத்திர கிரிமினல் கேஸ் முடியும்வரை சிவில் வழக்கு நிற்குமா?

கேள்வி: போலி விற்பனைப் பத்திரத்தை ரத்து செய்யக் கோரி சார்பு நீதிமன்றத்தில் வழக்கு போட்டிருக்கிறேன். அதே பத்திரம் பற்றிக் கிரிமினல் கேஸும் நடக்கிறது. அது முடியும்வரை சிவில் வழக்கை நிறுத்தி வைக்கும்படி எதிர்வாதி மனு போட்டிருக்கிறார். நீதிமன்றம் ஏற்குமா?

பெரும்பாலும் ஏற்காது. அவர் எந்தப் பிரிவில் மனு போட்டிருக்கிறார் என்று முதலில் பாருங்கள். உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 10 என்றிருந்தால் உங்கள் வேலை சுலபம். அந்தப் பிரிவு இரண்டு சிவில் வழக்குகளுக்கு இடையில் மட்டும்தான். அதே தரப்பினர், நேரடியாகவும் முக்கியமாகவும் அதே பிரச்சினை, முதலில் தாக்கலான வழக்கு இன்னும் நிலுவையில்: இவை எல்லாம் சேர்ந்தால் இரண்டாவது வழக்கின் விசாரணை நிற்க வேண்டும். முதல் வழக்கின் தீர்ப்பு இரண்டாவதை முன்தீர்ப்புத் தடையாக (ஒருமுறை தீர்ந்த பிரச்சினையை மீண்டும் எழுப்ப விடாத தடை) கட்டுப்படுத்துமா என்பதே உரைகல். நிம்ஹான்ஸ் (பெங்களூரு மனநல மருத்துவ நிறுவனம்) வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. கிரிமினல் தீர்ப்பு சிவில் நீதிமன்றத்தை அப்படிக் கட்டுப்படுத்துவதில்லை.

விவரம் தெரிந்த வக்கீல், நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரத்தைச் சொல்லும் பிரிவு 151-இல்தான் வருவார். கையில் உச்ச நீதிமன்றத்தின் எம்.எஸ். ஷெரிஃப் எதிர் மதராஸ் மாநிலம் (1954) இருக்கும். அதில் கிரிமினல் வழக்குக்கு முன்னுரிமை தந்து சிவில் வழக்குகளை நிறுத்தி வைத்தது உண்மை. ஆனால் அதே தீர்ப்பு, இதற்குக் கறாரான விதி கிடையாது என்றும் சொல்கிறது. இரு நீதிமன்றங்களும் முரண்பட்ட முடிவுக்கு வரலாம் என்பது காரணமே அல்ல. எதிரிக்கு, அதாவது கிரிமினல் கேஸில் குற்றம் சாட்டப்பட்டவருக்கு, சங்கடம் நேருமா என்பதையும், சிவில் வழக்கு முடியும் தறுவாயில் இருக்கிறதா என்பதையும் பார்க்க வேண்டும். 2005-இல் இக்பால் சிங் மர்வா வழக்கிலும் அரசியல் சாசன அமர்வு, இரண்டிலும் நிரூபண அளவு வேறு, ஒன்றின் முடிவு மற்றதைக் கட்டுப்படுத்தாது என்றது.

ஆகவே எதிர்மனுவில் சட்டத்தை விடத் தேதிகளுக்கே அதிக இடம் கொடுங்கள். எஃப்.ஐ.ஆர். எப்போது, குற்றப்பத்திரிகை தாக்கலாகிவிட்டதா, குற்றச்சாட்டு வனையப்பட்டதா, உங்கள் வழக்கில் எழுவினாக்கள் (நீதிமன்றம் முடிவு செய்ய வேண்டிய கேள்விகள்) வனைந்தாயிற்றா, சாட்சி விசாரணை எதுவரை வந்திருக்கிறது என்று வரிசையாகக் காட்டுங்கள். எதிர்வாதி தன் பதிலான எதிர்வழக்குரையைத் தாக்கல் செய்துவிட்டாரா? அப்படியானால் தன் தற்காப்பு வெளியாகிவிடும் என்ற வாதம் பிசுபிசுத்துப் போகும். எஃப்.ஐ.ஆர். நிலையிலேயே கிரிமினல் கேஸ் கிடந்தால், இன்னும் எத்தனை ஆண்டு காத்திருப்பது என்று நீதிபதியே கேட்பார்.

எதிர்பாராத சிக்கல் வேறிடத்தில் வரும். போலி என்று சொல்லும் அசல் பத்திரத்தைப் போலீஸ் கைப்பற்றிக் கிரிமினல் கோர்ட்டில் ஒப்படைத்திருக்கும். கையெழுத்து நிபுணருக்கு நகலை அனுப்பிப் பயனில்லை. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் உத்தரவு 13 விதி 10-இன்படி ஆவணத்தை வரவழைக்க இப்போதே மனு போடுங்கள்; அசலை அங்கிருந்து அனுப்ப முடியாத நிலையென்றால் கையெழுத்து ஒப்பீட்டுக்கு எவ்வளவு காலம் தேவை என்பதையும் அதிலேயே குறிப்பிடுங்கள். சார்பதிவாளர் அலுவலகக் கைரேகைப் பதிவேட்டையும் சேர்த்து வரவழையுங்கள். ஆள்மாறாட்டம் என்றால் கையெழுத்தை விட அந்தப் பெருவிரல் ரேகைதான் பேசும். அசல் கிடைக்கவில்லை என்று வாய்தா வாங்கிக்கொண்டே போனால், நிறுத்தி வைக்கும் உத்தரவே இல்லாமல் வழக்கு நின்றுபோகும்.

இன்னும் வழக்கே போடாமல் கிரிமினல் தீர்ப்புக்குக் காத்திருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: பத்திரத்தை ரத்து செய்யக் கோரும் காலக்கெடு, அதற்கான காரணங்கள் தெரியவந்த நாளிலிருந்து 3 ஆண்டு. கிரிமினல் கேஸ் நடக்கிறது என்பதற்காக அது நீளாது.

ஒருவேளை விசாரணை நிறுத்தப்பட்டாலும் இடைக்காலத் தடையாணை கேட்கும் உரிமை போகாது. சொத்தை விற்கவோ அடமானம் வைக்கவோ தடை கேட்டு அதே சட்டத்தின் உத்தரவு 39-இல் மனு போடுங்கள். நிறுத்தும் உத்தரவுக்கு மேல்முறையீடு கிடையாது. 2002-இல் அமலுக்கு வந்த திருத்தத்துக்குப் பிறகு பிரிவு 115 சீராய்வுக்கும் இடமில்லாததால், கீழ் நீதிமன்றங்களை உயர் நீதிமன்றம் கண்காணிக்கும் அதிகாரத்தைத் தரும் அரசியல் சாசனப் பிரிவு 227-இன் கீழ் சென்னை உயர் நீதிமன்றத்துக்கோ மதுரைக் கிளைக்கோதான் போக வேண்டும்.