ஆர்டர் காப்பி இன்ஸ்பெக்டர் கைக்குப் போனதா?

கேள்வி: நிலம் வாங்கித் தருவதாக 14 லட்சம் ஏமாற்றியவர் மீது 420 வழக்கு. விசாரணை நகராததால் உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போனேன். 'உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் இறுதி அறிக்கை தாக்கல் செய்ய வேண்டும்' என்று ஆணை வந்து ஏழு மாதமாகிறது. இன்ஸ்பெக்டர் மணிக்கணக்கில் நிற்க வைத்து அவமானப்படுத்துகிறார். எதிராளி 10 லட்சம் தருவதாக ஆள் விடுகிறார். இன்ஸ்பெக்டரை ஜெயிலுக்கு அனுப்ப முடியுமா?

பதில்: உங்கள் கடிதம் முழுக்க இன்ஸ்பெக்டர் பேசிய பேச்சுதான். வேதனை புரிகிறது, ஆனால் நீதிமன்ற உத்தரவை மீறியதற்காகப் போடும் அவமதிப்பு மனுவில் அதற்கு வேலையில்லை. நீங்கள் எழுதாமல் விட்டதுதான் முக்கியம்: அந்த நகல் அவர் கைக்கு எந்தத் தேதியில் போனது, அதற்கு என்ன அத்தாட்சி? வாட்ஸ்அப்பில் அனுப்பினேன் என்றால் 'எனக்கு வரவில்லை' என்று ஒரே வரியில் முடித்துவிடுவார், மூன்று மாதம் ஓடவே ஆரம்பிக்கவில்லை என்றாகிவிடும். சான்றிட்ட நகலைக் கொடுத்து ஸ்டேஷன் சீலும் தேதியும் வாங்குங்கள், வாங்க மறுத்தால் ஒப்புகையுடன் தபாலில் அனுப்புங்கள். நடுவில் ஆள் மாறியிருந்தால் புதியவருக்கும் கொடுக்க வேண்டும், வேண்டுமென்றே மீறினார் என்பதை அந்தந்த அதிகாரி மீதுதான் காட்ட முடியும். மனு போட, மீறல் நடந்த நாளிலிருந்து ஒரு வருஷம்தான்.

சரி, இப்போது நான் பயப்படுகிற விஷயம். உத்தரவை எடுத்து மறுபடி படியுங்கள். 'இறுதி அறிக்கை' என்றுதான் இருக்கிறது, குற்றப்பத்திரிகை என்று இல்லை. வழக்கை முடித்துவைக்கும் அறிக்கையும் இறுதி அறிக்கைதான். என் கட்சிக்காரர் ஒருவர் உங்களைப் போலவே கோபத்தில் அவமதிப்பு மனு போட்டார். வாய்தா அன்று அதிகாரி பவ்யமாக வந்து நின்றார், தாமதத்துக்கு மன்னிப்பு, கூடவே முந்தின வாரம் தாக்கல் செய்த அறிக்கையின் நகல். பிரித்துப் பார்த்தால் 'மிஸ்டேக் ஆஃப் ஃபேக்ட்', கொடுக்கல் வாங்கல் சிவில் தகராறு என்று வழக்கையே மூடியிருந்தார்கள். உத்தரவு நிறைவேறிவிட்டது என்று மனு அன்றைக்கே முடிந்தது. அறிக்கை சரியா தப்பா என்று அவமதிப்பு வழக்கில் பார்க்க மாட்டார்கள். அப்புறம் ஆர்.சி.எஸ். நோட்டீஸ் (வழக்கை மூடிவிட்டோம் என்று போலீஸ் புகார்தாரருக்குத் தரும் அறிவிப்பு) வாங்கி, மாஜிஸ்திரேட்டிடம் எதிர்ப்பு மனு போட்டு, அவர் முதலிலிருந்து ஆரம்பித்தார். அதனால் உங்கள் ஒப்பந்தம், வங்கிக் கணக்கு விவரம், சாட்சிகள் பெயர் எல்லாம் எழுத்துமூலம் விசாரணை அதிகாரியிடம் போய்ச் சேர்ந்ததற்கு அத்தாட்சி இல்லாமல் அவமதிப்பு பக்கமே போகாதீர்கள்.

ஜெயில் என்கிறீர்கள். சட்டத்தில் அதிகபட்சம் ஆறு மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம். மனப்பூர்வமான மன்னிப்பை நீதிமன்றம் ஏற்றால் அதுவும் இல்லை. உங்களுக்கு அதில் ஒரு ரூபாய் வராது.

நேராகவே சொல்கிறேன், 10 லட்சத்தை 12 ஆக்கப் பாருங்கள், ஆகாவிட்டால் 10-ஐயே வாங்குங்கள். 420 நீதிமன்ற அனுமதியோடு சமாதானம் செய்யக்கூடிய குற்றம்தான். ஆனால் செக் வேண்டாம், டிடி மட்டும். அது உங்கள் கணக்கில் ஏறும்வரை சமரச மனுவில் கையெழுத்துப் போடாதீர்கள், தேதி போடாத வெள்ளைத்தாளில் கூட.