அரசு வக்கீல் தேர்தலில் நின்றால் கையில் இருக்கும் வழக்குக் கட்டுகள் என்ன ஆகும்?

கேள்வி: மாவட்ட நீதிமன்றத்தில் 11 ஆண்டுகளாகத் தொழில் செய்கிறேன். இரண்டு ஆண்டுகளாகக் கூடுதல் அரசு வக்கீலாகவும் இருக்கிறேன். சட்டமன்றத் தேர்தலில் நிற்கச் சொல்லி ஒரு கட்சி கேட்கிறது. "ஆர்.வி.யே (ஆர். வெங்கட்ராமன்) வக்கீலாக இருந்து அமைச்சரானவர்தானே, யோசிக்காமல் நில்லு" என்கிறார் என் சீனியர். ஜெயித்தால் கோர்ட்டுக்குப் போகலாமா? அமைச்சரானால்? தோற்றால் திரும்ப வர முடியுமா? – ஒரு வாசகி

பதில்: முதலில் அந்த அரசு வக்கீல் பதவி. மற்றதெல்லாம் அப்புறம்.

அரசின் கீழ் ஆதாயம் தரும் பதவியில் இருப்பவர் சட்டமன்ற உறுப்பினராக முடியாது என்கிறது அரசமைப்புச் சட்டத்தின் 191-வது பிரிவு. சட்டம் விலக்கு அளித்த பதவிகள் தவிர. அரசு வக்கீல் பதவி இதில் வருமா? ராஜஸ்தானில் 1967-இல் ஜெயித்த காந்தா கதூரியா, ஒரு வழக்குக்காக மட்டும் சிறப்பு அரசு வக்கீலாக நியமிக்கப்பட்டிருந்தார். அதைக் காட்டி உயர் நீதிமன்றம் அவர் தேர்தலையே ரத்து செய்தது. 1969-இல் உச்ச நீதிமன்றம் அவரைக் காப்பாற்றியது. ஆனால் அது 'பதவி'யா என்ற கேள்வியில் நீதிபதிகளே இரண்டாகப் பிரிந்தார்கள். ஒரே ஒரு வழக்குக்காக நியமிக்கப்பட்டவருக்கே அந்த அலைச்சல் என்றால், தொடர்ந்து பதவியில் இருக்கும் உங்களுக்கு? வேட்புமனு பரிசீலனை நாளில் தகுதி இருக்கிறதா என்றுதான் பார்ப்பார்கள். ஆகவே மனு தாக்கலுக்கு முன்பே ராஜினாமா செய்யுங்கள். கடிதம் கொடுத்தால் போதாது, ஏற்றுக்கொண்ட உத்தரவும் கையில் இருக்க வேண்டும்.

ஜெயித்து எம்.எல்.ஏ. ஆனால் கோர்ட்டுக்குத் தாராளமாகப் போகலாம். அஸ்வினி குமார் உபாத்யாய் வழக்கில் 2018 செப்டம்பர் 25 அன்று உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கிவிட்டது. வக்கீல்களை நெறிப்படுத்தும் அமைப்பான பார் கவுன்சிலின் விதி 49 முழுநேரச் சம்பள ஊழியரைத்தான் தடுக்கிறது, எம்.எல்.ஏ. சம்பளம் வாங்கினாலும் அவர் அரசின் ஊழியர் அல்ல என்பது தீர்ப்பின் சாரம்.

அமைச்சரானால் கதை வேறு. அந்தத் தீர்ப்பு பேசியது எம்.பி., எம்.எல்.ஏ., எம்.எல்.சி.க்களைப் பற்றித்தான். அமைச்சர் பதவியால் உங்கள் எம்.எல்.ஏ. இருக்கைக்கு ஆபத்து இல்லை, அது ஆதாயப் பதவி ஆகாது என்று 191-லேயே விளக்கம் இருக்கிறது. ஆனால் அரசுக் கோப்பில் கையெழுத்துப் போடும் கையால் வக்காலத்திலும் (ஒருவருக்காக வழக்கில் ஆஜராகும் அதிகாரப் பத்திரம்) கையெழுத்துப் போடக் கூடாது. பதவியேற்பதற்கு முன்பே தொழிலை நிறுத்திவைத்துவிடுங்கள்.

உங்கள் சீனியர் ஆர்.வி.யைச் சொன்னது எனக்குப் பிடித்திருக்கிறது. ஆனால் பாதியைத்தான் சொன்னார். ராஜாமடத்தில் பிறந்த ஆர். வெங்கட்ராமன் 1935-இல் சென்னை உயர் நீதிமன்றத்தில் வக்கீலானவர். 1942 'வெள்ளையனே வெளியேறு' போராட்டத்தில் இரண்டு ஆண்டு சிறை. ஜப்பானியருக்கு உதவியதாக மலேயாவிலும் சிங்கப்பூரிலும் குற்றம் சாட்டப்பட்ட இந்தியர்களுக்கு வாதாட 1946-இல் போன வக்கீல்கள் குழுவில் அவரும் இருந்தார். 1949-இல் தொழிலாளர் சட்டத்துக்கென்றே 'லேபர் லா ஜர்னல்' தொடங்கினார். 1957-இல் மக்களவைக்கு ஜெயித்தும் அதை விட்டுவிட்டு காமராஜர் அமைச்சரவைக்கு வந்தபோது, வக்கீலாகி 22 ஆண்டுகள் ஆகியிருந்தன. 1967 வரை தொழில், தொழிலாளர், மின்சாரம், போக்குவரத்து என்று அவர் பார்த்த துறைகளுக்கு அந்த வக்கீல் படிப்புதான் மூலதனம். பிறகு மத்தியில் நிதி, பாதுகாப்பு, கடைசியில் குடியரசுத் தலைவர். கோர்ட்டில் நீங்கள் செலவழித்த 11 ஆண்டும் அப்படித்தான், வீண் போகாது.

நீங்கள் கேட்காத ஒன்றைச் சொல்கிறேன். எனக்கு அதுதான் பெரிய கவலை. நான் ஜூனியராக இருந்தபோது ஒரு சீனியர் தேர்தலில் நின்றார். மூன்று வாரம் அவர் ஆபீஸ் பூட்டிக் கிடந்தது. விபத்தில் கணவரை இழந்த ஓர் அம்மாவின் நஷ்டஈட்டு வழக்கு, ஆஜராக ஆளில்லாமல் தள்ளுபடியானது. மஞ்சள் பையில் ஆஸ்பத்திரி ரசீதுகளோடு எங்கள் வாசலில் வந்து நின்ற அந்த அம்மாவின் முகம் இன்னும் மறக்கவில்லை. வழக்கை மறுபடி கோப்புக்குக் கொண்டுவர எட்டு மாதம் ஆனது.

தக்க காரணமும் போதிய முன்னறிவிப்பும் இல்லாமல் வக்காலத்திலிருந்து விலகக் கூடாது, உழைக்காத பங்குக்கு வாங்கிய ஃபீஸைத் திருப்பித் தர வேண்டும் என்பது பார் கவுன்சில் விதி 12. ஃபீஸ் பாக்கி என்று கட்டைப் பிடித்துவைக்கவும் முடியாது, ஆர்.டி. சக்சேனா வழக்கில் 2000-இல் உச்ச நீதிமன்றம் அதற்கு முற்றுப்புள்ளி வைத்துவிட்டது. எனவே இன்றே டைரியை எடுத்து, ஒவ்வொரு கட்டுக்கும் அடுத்த வாய்தா தேதி, மேல்முறையீட்டுக் கெடு இரண்டையும் எழுதுங்கள். வழக்கைக் கொடுத்த கட்சிக்காரரைக் கூப்பிட்டு நேரில் சொல்லுங்கள். புது வக்கீலை அவரே தேர்ந்தெடுக்கட்டும். ஆட்சேபணை இல்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு, கட்டை ஒப்படைத்ததற்கு ரசீது வாங்குங்கள். அரசுத் தரப்புக் கட்டுகளை ராஜினாமாவோடு சேர்த்துப் பட்டியலிட்டு ஒப்படையுங்கள்.

தோற்றால்? தேர்தலில் நின்றதற்காக மட்டும் பதிவு போகாது, மறுநாளே கோட்டு மாட்டலாம். அமைச்சராகித் தொழிலை நிறுத்திவைத்திருந்தால், பதிவுச் சான்றிதழின் அசலை மாநில பார் கவுன்சிலில் ஒப்படைத்திருப்பீர்கள். திரும்பி வரும்போது, வழக்கறிஞர்கள் சட்டத்தின் 24-ஏ பிரிவு சொல்லும் தகுதியிழப்பு எதுவும் இடையில் நேரவில்லை என்ற பிரமாணப் பத்திரத்தோடு செயலாளருக்கு விண்ணப்பிக்க வேண்டும். அசலைக் கொடுக்கும் அன்றே நகல் எடுத்து, ஒப்புகைச் சீட்டோடு வீட்டில் பத்திரமாக வையுங்கள்.