சிவப்புக் கோடும் பச்சை விளக்கும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

இத்தாலிய இயக்குநர் மரியோ பாவாவின் சில படங்களை அண்மையில் பார்த்தேன். ஒளிப்பதிவு, தந்திரக் காட்சி, இயக்கம் என எல்லாவற்றையும் ஒருவரே செய்திருக்கிறார். ஆனாலும் அதே நாட்டு இயக்குநர் ஃபெலினி அளவுக்கு அவரை யாருக்கும் தெரியவில்லை. ஏதாவது ஒன்றில் நிலைத்திருந்தால் பெரிய கலைஞராகியிருப்பாரோ? எல்லாம் கணினியில் முடிகிற காலத்தில் அவரிடம் கற்க என்ன இருக்கிறது?

ர.

அன்புள்ள ர.,

ஃபெலினியை இழுத்து வந்து பக்கத்தில் நிறுத்தி உயரம் பார்க்கும் பழக்கத்தை விடுங்கள். அதற்கு மேல் அந்தக் கேள்விக்குப் பதில் கிடையாது.

‘எல்லாவற்றையும்’ என்று எழுதியிருக்கிறீர்களே, அதுதான் உறுத்துகிறது. பாவா செய்தது ஒரே வேலை. லென்ஸுக்கு முன்னால் வைக்கும் பொருள் ஃபிலிமில் என்னவாக விழும் என்று கணக்குப் போடுவது. அப்பா எவுஜெனியோ சிற்பி. மௌனப்படக் காலத்திலேயே கேமராவுக்கு வந்தவர். மகன் ஓவியம் பழகி, பல ஆண்டுகள் ஒளிப்பதிவாளராக இருந்து, இயக்குநராக முதல் முழுநீளப் படத்தில் பெயர் வந்தபோது வயது 46. அந்த 1960ஆம் ஆண்டுப் படத்திலும் கேமரா அவரிடமே இருந்தது.

1957இல் வந்த ‘இ வாம்பீரி’ என்ற திகில் படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். இயக்குநர் ரிக்கார்தோ ஃப்ரேடா இடையில் விலக, பாவா முடித்துக்கொடுத்த படம். அதில் நடிகை ஜான்னா மரியா கனாலேயின் முகம், வெட்டே இல்லாமல் நம் கண்ணெதிரே கிழடாகிறது. ஒப்பனைக்காரர் உள்ளே வரவில்லை, கேமராவும் நிற்கவில்லை. சுருக்கங்கள் முதலிலிருந்தே முகத்தில் இருக்கின்றன, சிவப்புச் சாயத்தில். சிவப்பு விளக்கின் கீழ் தோலும் சாயமும் ஏறக்குறைய ஒரே அளவு ஒளியைத் திருப்புவதால் கறுப்பு வெள்ளை ஃபிலிமுக்குக் கோடு தெரியாது. விளக்கைப் பச்சைக்கு மாற்றினால் சாயம் பச்சையை விழுங்கிக் கறுத்துவிடும். இதை அவர் கண்டுபிடிக்கவில்லை. 1925இன் ‘பென்ஹர்’ படத்தில் தொழுநோயாளிகள் குணமாகும் காட்சிக்கு ஒளிப்பதிவாளர் கார்ல் ஸ்ட்ரஸ் இதே வித்தையைச் செய்திருக்கிறார்.

கேட்கச் சுலபம். செய்து பார்த்தால் நான்கு இடத்தில் சறுக்கும். ஃபிலிம் எல்லா நிறத்தையும் உணரும் பான்குரோமாட்டிக்காக இருக்க வேண்டும்; சிவப்பை உணராத பழைய ஆர்த்தோவில் முதல் நொடியிலேயே முகம் இருண்டுவிடும். விளக்கின் முன் வைக்கும் சிவப்பு, பச்சை வடிகட்டிகள் இரண்டும் ஒரே அளவு ஒளியைக் கடத்துவதில்லை. முன்கூட்டிச் சோதித்துச் சமன் செய்யாவிட்டால் முகத்தோடு சுவரும் சேர்ந்து இருளும், குட்டு வெளிப்படும். விளக்கைக் கூட்டிக் குறைக்கும் டிம்மரை நம்பக்கூடாது, டங்ஸ்டன் பல்பு மங்கும்போது சிவந்து போகும், பச்சை வடிகட்டி வழியே மிகக் குறைந்த ஒளியே வரும். அதனால் விளக்கின் முன் வண்ணத்தாளை நகர்த்துவதே நல்லது. கடைசியாக உடை. நடிகை சிவப்புச் சால்வை போர்த்தியிருந்தால் சுருக்கம் விழும்போது அதுவும் கறுக்கும். இந்த ஒரு காட்சிக்கு ஒப்பனை, விளக்கு, உடை, ஃபிலிம் நான்கும் ஒரே தலையில் இருந்தாக வேண்டும். நீங்களோ ஒன்றில் நிலைத்திருக்கலாமே என்கிறீர்கள்!

வண்ணப்படத்தில் இது செல்லாது. விளக்கு மாறுவதைக் குழந்தையும் கண்டுபிடித்துவிடும். வண்ணத்துக்கு வந்ததும் பாவா அதே விளக்குகளை ஒளிக்காமல் சுவரிலேயே ஊதாவும் பச்சையுமாக அடித்தார். 1965இன் விண்வெளிப் படத்தில் இரண்டு பிளாஸ்டிக் பாறைகளை வைத்துக்கொண்டு, புகையும் கண்ணாடியுமாக ஒரு கிரகத்தையே காட்டினார் என்பதைப் பாவா ரசிகர்கள் எல்லோரும் சொல்வார்கள். நான் வேறு சொல்ல வேண்டாம்.

கணினி பற்றிக் கேட்டது கோபத்தில் மறந்தே போயிற்று. வாதம் வேண்டாம், கையில் இருக்கும் போனே போதும். உள்ளங்கையில் சிவப்பு ஸ்கெட்ச் பேனாவால் நாலு கோடு போடுங்கள். அறையை இருட்டாக்கி, திரை முழுக்கச் சிவப்பாக இருக்கும் ஒரு போனைப் பக்கத்தில் பிடித்து, இன்னொரு போனைக் கறுப்பு வெள்ளையில் வைத்துப் படமெடுங்கள். பிறகு திரையைப் பச்சையாக்கி மறுபடி எடுங்கள். சிவப்பிலேயே கோடு தெரிந்தால் பேனா மெரூன் நிறம். கடையில் மாற்றிக்கொண்டு வாருங்கள்.