சுல்தானா: தலைக்கு ஐந்து டாலர்

அன்புள்ள ஐயா,

டைட்டானிக் கட்டுரையில் போகிறபோக்கில் சுல்தானா என்ற பெயரைச் சொல்லியிருந்தீர்கள். தேடிப் படித்தேன். 1865-இல் மிசிசிப்பி ஆற்றில் அந்த நீராவிப் படகு வெடித்து ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் இறந்திருக்கிறார்கள். லிங்கன் கொலைச் செய்தியில் இது அமுங்கிவிட்டது என்கிறார்கள். அவ்வளவுதானா? யாருக்கும் தண்டனையே இல்லையா?

சு., திருச்சி

அன்புள்ள சு.,

லிங்கன் இறந்தது ஏப்ரல் 15. அவரைச் சுட்ட பூத் கொல்லப்பட்டது 26. மறுநாள் அதிகாலை இரண்டு மணிவாக்கில், மெம்ஃபிஸ் நகருக்குச் சற்று வடக்கே சுல்தானா வெடித்தது. பத்திரிகைகளில் இடமில்லை என்பது சரிதான். ஆனால் இதைக் கிளற யாருக்கும் மனமில்லை என்பதும் காரணம்.

அமெரிக்க உள்நாட்டுப் போர் முடிகிற நேரம் அது. படகில் இருந்தவர்களில் பெரும்பாலோர் தெற்கத்திச் சிறைமுகாம்களிலிருந்து விடுதலையாகி, எலும்பும் தோலுமாக ஊர் திரும்பிய வடக்குப் படைவீரர்கள். அவர்களை ஏற்றிச் செல்ல அரசு சிப்பாய்க்கு 5 டாலர், அதிகாரிக்கு 10 டாலர் கொடுத்தது. படகுக்கு அனுமதி 376 பேர்; ஏற்றியது 2,100-க்கும் மேல். அவர்கள் ஏறிய விக்ஸ்பர்க் படகுத்துறையில் நின்ற இன்னொரு பெரிய படகு இந்த வீரர்களில் ஒருவரைக்கூட ஏற்றாமல் போனது என்றால் பேரம் எப்படி நடந்திருக்கும் என்று பாருங்கள்.

பாய்லர் ஏற்கெனவே கசிந்துகொண்டிருந்தது. தகடுகளை மாற்றவேண்டும் என்றார் மெக்கானிக். அதற்குப் பல நாள் ஆகும், அதற்குள் ஆட்கள் வேறு படகுக்குப் போய்விடுவார்கள். படகின் கேப்டன் மேசன் பழைய தகட்டைவிட மெல்லிய ஒட்டு ஒன்றைப் போட்டுக்கொண்டு கிளம்பினார். வெடித்ததற்கு ஒட்டுதான் காரணமா, பாய்லர் குழாய்களில் படிந்த ஆற்றுச் சேறா, மேலே ஏறிய பாரத்தால் படகு ஆடியதா என்று இன்றும் வாதம் நடக்கிறது. ஆறோ வெள்ளத்தில் கரைபுரண்டு ஓடியது. பனிக்குளிர் விட்டிராத தண்ணீர். படகில் ஒரு முதலையை மரப்பெட்டியில் வைத்திருந்தார்கள். ஒரு வீரர் அதைக் குத்திக் கொன்றுவிட்டு, அந்தப் பெட்டியைப் பிடித்து மிதந்தே பிழைத்தார்.

தண்டனைக்கு வருகிறேன். மேசன் படகோடு இறந்துபோனார். ஸ்பீட் என்ற ராணுவக் கேப்டன்மேல் மட்டும் ராணுவ விசாரணை நடந்தது. குற்றவாளி என்ற தீர்ப்பும் மேலே போய் ரத்தானது. படகுகளுக்குப் பொறுப்பான அதிகாரி ரூபன் ஹாட்ச். அவர்மேல் முன்பே லஞ்சப் புகார் உண்டு. அவருடைய அண்ணன் லிங்கனுக்கு நெருங்கிய நண்பர் என்பதால் அப்போது தப்பித்தார், லிங்கனே அவருக்காகப் பரிந்து பேசினார். லிங்கன் சாவில் அமுங்கிய கதை என்கிறார்களே, அவர் உயிரோடிருந்தபோதே இதில் அவர் கையும் கொஞ்சம் பட்டிருக்கிறது. விபத்துக்குப் பிறகு ஹாட்ச் ராணுவத்தை விட்டு விலகினார். ராணுவ நீதிமன்றத்தால் அதற்குமேல் அவரைத் தொட முடியவில்லை.